ஸ்கிப்புக்குள் கிடந்த 1971: எங்கள் உள்ளூராட்சி (பரோ) கவுன்சிலின் நூலகக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

நூலகக் குழுத் தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும்,

செவ்வாய்க்கிழமை காலை எட்டரை மணிக்கு மத்திய நூலகத்தின் பின்வாசலில் ஒரு ஸ்கிப், அதாவது கழிவுகளை ஏற்றிப்போகும் பெரிய இரும்புத் தொட்டி, நின்றது. உள்ளே கால் உடைந்த நாற்காலிகள், சுருட்டிப் போட்ட பழைய கம்பளம், அதற்கு மேலே சிவப்புத் துணி அட்டை கட்டிய பதினொரு பெரிய பத்திரிகைத் தொகுப்புகள். மழை தூறிக்கொண்டிருந்தது. ஆக மேலே கிடந்ததன் முதுகில் 'மெலடி மேக்கர், 1971, ஜனவரி முதல் ஜூன் வரை' என்று பொன் எழுத்து. அதற்குக் கீழே ஒட்டியிருந்த வெள்ளைச் சீட்டில் அலுமாரி இலக்கத்தை யாரோ நீல மையில் எழுதியிருந்தார்கள். யாரோ இல்லை, நான்தான். அது என் கையெழுத்து.

இரண்டு தொகுப்பை வெளியே இழுத்தெடுத்தேன். அதற்குள் காவலர் ஓடி வந்துவிட்டார். நல்ல மனிதர், என்னை நெடுநாளாகத் தெரியும். ஆனாலும், "இது கவுன்சிலின் சொத்து, நீங்கள் கொண்டுபோக முடியாது" என்று சொல்லி, என் கையிலிருந்து வாங்கித் திரும்பவும் ஸ்கிப்புக்குள்ளேயே போட்டார். அவர்மேல் குறை சொல்லவில்லை. அவருக்குச் சொல்லப்பட்டதை அவர் செய்தார். சொன்னவர்கள் நீங்கள் என்பதால் உங்களுக்கு எழுதுகிறேன்.

இதே மடலை ஆங்கிலத்திலும் அனுப்பியிருக்கிறேன். தமிழில் எழுதக் காரணம், இந்த நூலகத்துக்கு வந்து போகும் எங்கள் ஆட்களில் பலர் ஆங்கிலத்தில் வரும் கவுன்சில் கடிதங்களைப் பிரிக்காமலே குப்பையில் போடுகிறவர்கள். அவர்களும் வாசித்துக் கையெழுத்துப் போட வேண்டும். (தமிழ்ப் புத்தக அலுமாரி மூன்றிலிருந்து அரையாகச் சுருங்கிய கதையை இங்கே எடுக்கவில்லை. அதற்கு வேறு மடல் வரும்.)

1996 முதல் 2019 வரை அந்த நூலகத்தில் உதவியாளராக வேலை செய்தேன். இருபத்து மூன்று ஆண்டுகளில் பாதிக்கு மேல் அடித்தளக் கிடங்கில்தான் கழிந்தது. கிடங்கின் சாவி என் கழுத்துப் பட்டியில் தொங்கியது. அந்தச் சிவப்புத் தொகுப்புகளை ஒரு கையால் தூக்க முடியாது. இரண்டு கையாலும் குழந்தையை எடுப்பதுபோல எடுத்து, மேசையில் படுக்க வைத்துத்தான் விரிக்க வேண்டும். மலிவான பத்திரிகைத் தாள், ஓரமெல்லாம் தேத்தண்ணீர் நிறத்துக்குப் போயிருக்கும். புரட்டி முடித்தால் விரல் நுனி கறுத்திருக்கும்.

மெலடி மேக்கர் 1926இல் மாத இதழாகத் தொடங்கி, 1933இல் வார இதழாகி, 2000ஆம் ஆண்டு முடிவில் நின்றுபோன இசைப் பத்திரிகை. அதன் பின்பக்கத்து வரி விளம்பரங்களில்தான் பாதி இங்கிலாந்து தனக்கு வாத்தியக்காரர் தேடியது. ஃபில் கொலின்ஸ் ஜெனிசிஸ் என்ற ரொக் இசைக் குழுவுக்குள் டிரம்மராகப் போனதுகூட 1970இல் அந்தப் பத்திரிகையில் வந்த விளம்பரத்தைப் பார்த்துத்தான். இதெல்லாம் உங்களில் பலருக்கு என்னைவிட நன்றாகத் தெரிந்திருக்கும். உங்கள் இளமைக் காலப் பத்திரிகைதானே. எனக்கு அது அந்நியச் சாமான். பருத்தித்துறையில் வளர்ந்த எனக்கு ஜாஸ் என்றால் வானொலியை அடுத்த அலைவரிசைக்குத் திருப்ப வைக்கும் சத்தம், அவ்வளவுதான்.

என்னை அதற்குள் இழுத்தவர் ஒரு பெண். பெயர் வலெரி வில்மர், எல்லோருக்கும் வால் வில்மர். தமிழ்க் காதுக்குக் கொஞ்சம் குறும்பாக ஒலிக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

2006இல் என் மகனுக்குப் பதினான்கு வயது. மேசை, கதவு, கார்ச் சில்லு என்று கண்டதிலெல்லாம் தட்டிக்கொண்டு திரிந்தான். சனிக்கிழமைகளில் அவனை வீட்டில் தனியே விட முடியாமல் கிடங்குக்குக் கூட்டிக்கொண்டு போவேன். அங்கே சத்தம் போடக்கூடாது என்பதால் பக்கம் புரட்டினான். ஒருநாள் ஒரு படத்தைக் காட்டி, "அம்மா, இந்தாளின் கையைப் பாருங்கோ" என்றான். டிரம் வாசிக்கும் ஒருவர். முகம் பாதி இருட்டில், கை மட்டும் வெளிச்சத்தில். படத்தின் ஓரத்தில் செங்குத்தாக, எறும்பு வரிசைபோலச் சின்ன எழுத்து: வால் வில்மர். அருகிலேயே கட்டுரை, அதன் கீழும் அதே பெயர். படம் எடுத்தவரும் எழுதியவரும் ஒருவரே. அன்றிலிருந்து தாயும் மகனுமாக அந்தப் பெயரைத் தேடிப் பக்கம் புரட்டுவது எங்கள் சனிக்கிழமைத் தொழிலாகிவிட்டது.

தேடித் தேடி அறிந்ததைச் சொல்கிறேன். நீங்கள் எதைத் தூக்கிப் போட்டீர்கள் என்பது அதில்தான் இருக்கிறது.

1941இல் போர்க்காலத்தில் ஹாரகேட்டில் பிறந்து, தென் லண்டனின் ஸ்ட்ரெதமில் வளர்ந்தவர் வில்மர். பள்ளிக்கூடப் பிள்ளையாக அங்கிருந்த ஸ்விங் ஷாப் என்ற இசைத்தட்டுக் கடைக்குள் நுழைந்தவர், பிறகு அந்த இசையை விட்டு வெளியே வரவில்லை. 1956இல் லூயி ஆம்ஸ்ட்ராங் லண்டன் விமான நிலையத்தில் நின்றபோது, பதினான்கு வயதில், தாயின் பாக்ஸ் பிரவுனி கமராவால் அவரைப் படமெடுத்தார். கூட்டிக்கொண்டு போனதும் தாய்தான். அமெரிக்காவில் இருந்த இசைக்காரர்களுக்குத் தானாகவே கடிதம் எழுதுவார். அப்படிக் கடிதத்தில் பழக்கமானவர்களில் ஒருவர் ஜெஸ்ஸி ஃபுல்லர். கிட்டார், மவுத் ஆர்கன், காலால் மிதித்து வாசிக்க அவரே செய்துகொண்ட ஃபோட்டெல்லா என்று ஒற்றை ஆளாக ஒரு குழுவையே நடத்திய ப்ளூஸ் பாடகர். அவரைப் பற்றி வில்மர் எழுதியது 1959 மே மாதம் ஜாஸ் ஜர்னலில் வந்தது. அதுதான் முதல் கட்டுரை. வயது பதினேழு.

அதன் பிறகு பத்திரிகை பத்திரிகையாக எழுதினார். இங்கே மெலடி மேக்கர், அமெரிக்காவில் டவுன் பீட். அந்தத் தொழிலில் எழுதுகிறவர்கள் அநேகமாக எல்லாரும் ஆண்கள், எழுதப்படுகிறவர்கள் பெரும்பாலும் கறுப்பின ஆண்கள். நடுவில் கமராவும் குறிப்பேடுமாக ஒரு வெள்ளைக்காரப் பெண். அந்த நிலையில் பட்டதையெல்லாம், தான் பெண்களை விரும்பும் பெண் என்பதையும் சேர்த்து, 1989இல் வந்த தன்வரலாற்றில் ஒளிவுமறைவில்லாமல் எழுதியிருக்கிறார். 1970இல் 'ஜாஸ் பீப்பிள்', 1976இல் படத் தொகுப்பாக 'த ஃபேஸ் ஒஃப் பிளாக் மியூசிக்', 1977இல் 'அஸ் சீரியஸ் அஸ் யுவர் லைஃப்' என்று புத்தகங்கள். 1973இல் விக்டோரியா அன்ட் அல்பர்ட் அருங்காட்சியகத்தில் படக் கண்காட்சி. 1983இல் மேகி மறேயுடன் சேர்ந்து ஃபோர்மற் என்ற பெண்கள் மட்டுமே கொண்ட புகைப்பட நிறுவனத்தைத் தொடங்கினார்.

1977ஆம் ஆண்டுப் புத்தகத்தைப் பற்றி மட்டும் கொஞ்சம் நிற்கிறேன். ஓர்னெட் கோல்மன், செசில் டெய்லர், சன் ரா, ஆல்பர்ட் அய்லர் என்று, கேட்டவர்கள் பலர் "இது இசையா, இரைச்சலா" என்று முகம் சுளித்த காலத்தில், அந்த இசைக்காரர்களை வீட்டுக்குள் போய்ப் பார்த்து எழுதிய புத்தகம். டிரம்மர்களுக்கென்று தனிப் பகுதி உண்டு. எட் பிளாக்வெல், சனி மறே, மில்ஃபர்ட் கிரேவ்ஸ் ஆகிய பெயர்கள் என் மகனுக்கு அதிலிருந்துதான் பாடம். எனக்குப் பிடித்தது வேறு பகுதி. இந்தப் பெரிய வித்துவான்கள் காசு வராத இசையை வாசித்துக்கொண்டிருந்தபோது வீட்டு வாடகையை யார் கட்டினார்கள் என்று அந்தப் பெண் கேட்டிருக்கிறார். மனைவிமார், வேலைக்குப் போனவர்கள். அவர்களுடனும் உட்கார்ந்து கதைத்திருக்கிறார். இசையைப் பற்றி எழுதும் புத்தகத்தில் வாடகைக் கணக்கு வரலாம் என்பதே எனக்குப் புதிது. எங்கள் ஊர்க் கச்சேரிகளுக்கு எத்தனையோ விமர்சனம் வாசித்திருக்கிறேன். பக்கவாத்தியக்காரரின் மனைவி எங்கே வேலைக்குப் போகிறாள் என்று ஒருவரும் எழுதியதில்லை.

அந்தப் புத்தகம் நம் நூலகத்தில் இரவல் கொடுக்கும் பகுதியில் இருந்தது. இரண்டு ஆண்டுகள் யாரும் எடுக்காத புத்தகங்களைக் கணினி தானாகப் பட்டியல் போட்டுத் தரும். எங்கள் தொழிலில் அதற்குக் களையெடுப்பு என்று பெயர். 2011இல் அந்தப் பட்டியலில் இதுவும் வந்தது. 'நீக்கப்பட்டது' முத்திரையை அதன் முதல் பக்கத்தில் குத்தியவள் நானே. அப்படியே வாசல் தள்ளுவண்டியில் இருந்து 50 பென்சுக்கு வாங்கிக்கொண்டேன். ஏழு ஆண்டுகள் கழித்து, 2018இல், பதிப்பகம் அதைப் புதிதாக அச்சிட்டுக் கடைகளில் வைத்தது. நாம் களை என்று பிடுங்கியதை வெளியே பயிர் என்று விற்றார்கள். இந்தக் குற்றத்தில் எனக்கும் பங்கு உண்டு என்பதை மறைக்கவில்லை.

ஆனால் புத்தகத்தை மறுபதிப்புச் செய்யலாம். வாரப் பத்திரிகையில் எழுதியதை யார் மறுபதிப்புச் செய்வார்கள்? வில்மரைப் போன்ற ஒருவரின் ஆயுள்கால உழைப்பில் புத்தகமாகத் திரண்டது ஒரு சிறு பங்குதான். மற்றதெல்லாம் முந்நூறு சொல் விமர்சனம், அரைப் பக்கப் பேட்டி, படம், படக்குறிப்பு. வாரம் ஒன்றாக எழுதி, வாரம் ஒன்றாகக் காசு வாங்கி, அடுத்த வாரமே மீன் சுற்றப் போய்விடும் எழுத்து. அது எஞ்சியிருப்பது இப்படி யாரோ ஒரு நூலகர் சேர்த்துக் கட்டி வைத்ததால்தான்.

இனி, உங்கள் அதிகாரி எனக்கு அனுப்பிய பதிலுக்கு வருகிறேன். மூன்று காரணம் சொல்லியிருக்கிறார்.

கடந்த ஐந்து ஆண்டுகளில் இந்தத் தொகுப்புகளை ஒருவரும் கேட்கவில்லை என்பது முதற் காரணம். இந்தக் கணக்கு எப்படி வருகிறது என்று எனக்குத் தெரியும், ஏனென்றால் பல ஆண்டுகள் அதை எழுதியவள் நான். வாசகர் கோரிக்கைச் சீட்டு நிரப்பினால் மட்டுமே அது ஒரு பயன்பாடாகக் கணக்கில் ஏறும். வழக்கமாக வருகிறவர்களை நாங்கள் நேரே கிடங்குக்கே கூட்டிக்கொண்டு போய்விடுவோம். சீட்டும் இல்லை, கணக்கும் இல்லை. நானும் மகனும் எத்தனை சனிக்கிழமை புரட்டியிருப்போம், பதிவேட்டில் ஒரு கோடுகூட இருக்காது. பிறகு 2016இல் கிடங்கைப் பொதுமக்களுக்கு மூடினீர்கள். முன்கூட்டியே தொலைபேசியில் சொல்லிவிட்டு வரவேண்டும் என்று ஒரு அறிவித்தல் ஒட்டினீர்கள். அதில் இருந்த இலக்கம் ஆட்குறைப்பில் போன ஒருவருடையது. மணி அடிக்கும், எடுக்க ஆள் இல்லை. நானே மூன்று முறை மேலிடத்துக்கு எழுதிக் கொடுத்தேன். கதவையும் பூட்டி, தொலைபேசியையும் எடுக்காமல் விட்டுவிட்டு, "ஒருவரும் வரவில்லை" என்று எழுதுவது என்ன நியாயம்?

நாட்டின் தேசிய நூலகமான பிரிட்டிஷ் லைப்ரரியில் ஒரு பிரதி இருக்கிறது என்பது இரண்டாவது. இருக்கிறது. முன்பு வட லண்டனின் கொலின்டேலில் இருந்த பத்திரிகைகளை 2013இல் அந்தக் கட்டடத்தை மூடி, யோர்க்‌ஷயரின் பொஸ்டன் ஸ்பாவுக்குக் கொண்டுபோனார்கள். லண்டனில் இருப்பவர் வாசக அட்டை எடுத்து, எந்த ஆண்டு எந்த இதழ் என்று தெரிந்து, முன்கூட்டியே கேட்டு வைத்தால் கிடைக்கும். ஆராய்ச்சிக்காரருக்கு அது போதும். பதினான்கு வயதுப் பெடியனுக்கு எந்த ஆண்டு, எந்த இதழ் என்று எப்படித் தெரியும்? தெரியாததால்தானே புரட்டினான். அதோடு, 2023 ஒக்டோபரில் நடந்த இணையத் தாக்குதலுக்குப் பிறகு அந்த நூலகத்தின் சேவைகள் பல மாதம் ஒழுங்காக இயங்கவில்லை என்பதும் நீங்கள் அறிந்ததே. நாட்டில் ஒரு பிரதி போதும் என்று எல்லாப் பரோவும் நினைத்தால், அந்த ஒன்றுக்கு ஏதாவது நடக்கும் நாளில் என்ன செய்வது?

மூன்றாவது, எல்லாம் இணையத்தில் இருக்கிறது என்பது. எல்லாம் இல்லை. ஆர்வலர்கள் தங்கள் சொந்த நேரத்தில் வருடி (ஸ்கான் செய்து) ஏற்றிய பக்கங்கள் இருக்கின்றன, அவர்களுக்கு நன்றி. இடையிடையே இதழ்கள் விட்டுப்போயிருக்கின்றன. மை பரவிய இடங்களைக் கணினி தப்பாக வாசிக்கிறது, அதனால் பெயரைத் தேடினால் வருவதில்லை. படத்தின் ஓரத்தில் செங்குத்தாக இருந்த அந்த எறும்பு எழுத்தைச் சொன்னேன் அல்லவா, அது தொகுப்பின் மடிப்புப் பக்கம் விழுந்தால் வருடலில் போய்விடும். படம் இருக்கும், எடுத்தவர் பெயர் இருக்காது. படக்காரிக்கு இது சின்ன விஷயம் இல்லை.

இன்னொன்றும் உண்டு. தேடல் முடிவு கட்டுரையைத் தனியே வெட்டியெடுத்துத் தருகிறது. தாளில் பார்த்தால்தான், பக்கத்தில் முக்கால்வாசியை இசைத்தட்டு விளம்பரம் அடைத்துக்கொண்டு, மூலையில் உள்ளங்கை அளவுக்கு வில்மருக்கு இடம் கொடுத்திருப்பது தெரியும். அந்த உள்ளங்கைக்குள் ஒரு மனிதரின் வாழ்க்கையை அடக்கியிருப்பதும் தெரியும். அவருடைய திறமை எனக்குப் பிடிபட்டதே அங்கேதான்.

பணம் இல்லை என்று சொல்வீர்கள். தெரியும். என் வேலையும் அப்படித்தான் போனது. கிடங்கை வாடகைக்கு விடும் கூட்ட அறைகளாக மாற்றப் போவதாகக் கேள்வி. அதையும் முழுக்கப் பிழை என்று சொல்லமாட்டேன், கூரை ஒழுகுகிற கட்டடத்துக்கு வருமானம் வேண்டும். என் கேள்வி வேறு. தொகுப்புகளை வேறு யாருக்காவது கொடுக்க முடியுமா என்று ஒரு மின்னஞ்சல் அனுப்ப எவ்வளவு செலவாகும்? லண்டனின் விளிம்பில், எசெக்ஸில், லவ்டன் நூலகத்துக்குள் தேசிய ஜாஸ் காப்பகம் இருக்கிறது. எக்காள வாத்தியக்காரர் டிக்பி ஃபேர்வெதர் 1988இல் தொடங்கியது. சென்ட்ரல் லைன் ரயிலில் ஏறினால் போய்விடலாம். அவர்களிடம் கேட்டீர்களா என்று உங்கள் அதிகாரிக்கு எழுதினேன். பதிலில் அந்த வரிக்கு மட்டும் பதில் இல்லை.

ஒவ்வொரு ஒக்டோபரிலும் கறுப்பின வரலாற்று மாதம் என்று நூலக வாசலில் பலகைகள் வைக்கிறீர்கள். 2014இல் வைத்த பலகைகளில் ஒன்று லண்டனுக்கு வந்த கரீபியன் ஜாஸ் வாத்தியக்காரர்கள் பற்றியது. கிங்ஸ்டனில் இருந்து 1951இல் வந்து, 1973இல் இறந்துபோன சாக்ஸபோன்காரர் ஜோ ஹரியட்டின் படம் அதில் பெரிதாக இருந்தது. பிரித்தானியாவில் வாழ்ந்த கறுப்பின இசைக்காரர்களைத் தேடிப் போய், அவர்களுடைய குரலை பிரிட்டிஷ் லைப்ரரியின் வாய்மொழி வரலாற்றுக்காகப் பதிவு செய்தவர்களில் வில்மரும் ஒருவர். அப்படி யாராவது அலைந்து எழுதி வைக்காவிட்டால் பலகையில் எழுத ஒன்றும் இருந்திருக்காது. அந்தப் பலகையின் வாசகங்களைத் தொகுத்துக் கொடுத்தவள் நான், எடுத்தது அந்தச் சிவப்புத் தொகுப்புகளில் இருந்து. பலகையைப் படம் பிடித்து நீங்கள் ஆண்டறிக்கையில் போட்டீர்கள். பயன்பாட்டுக் கணக்கில் அதுவும் பூச்சியம்தான்.

1964ஆம் ஆண்டுப் பொது நூலகங்கள் மற்றும் அருங்காட்சியகங்கள் சட்டத்தின் ஏழாம் பிரிவு, விரிவானதும் திறமையானதுமான நூலகச் சேவையைத் தருவது உங்கள் கடமை என்கிறது. அந்தச் சட்டத்தை வைத்து வழக்காட எனக்கு வசதி இல்லை. நினைவூட்டலாம்.

நான் கேட்பவை இவை. ஸ்கிப்புக்கு இன்னும் போகாமல் கிடங்கில் மிஞ்சியிருக்கும் தொகுப்புகளை இன்றிலிருந்தே தொடாதீர்கள். எவை போய்விட்டன, எவை இருக்கின்றன என்று ஆண்டு வாரியாகப் பட்டியல் போட்டு நூலக வாசலில் ஒட்டுங்கள். பட்டியல் போட ஆள் இல்லை என்றால் நான் வந்து சம்பளம் இல்லாமல் போட்டுத் தருகிறேன், அலுமாரி இலக்கமெல்லாம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. இடம் இல்லாதவற்றை முதலில் லவ்டன் காப்பகத்துக்கும், பிறகு அயல் பரோக்களுக்கும், அவர்களும் வேண்டாம் என்றால் கேட்கிற பொதுமக்களுக்கும் கொடுங்கள். ஒருவரும் வேண்டாம் என்று எழுத்தில் சொன்ன பிறகு நீங்கள் எதைச் செய்தாலும் நான் வாய் திறக்கமாட்டேன்.

மிஞ்சியவற்றை வாரத்தில் ஒரு நாளாவது, சனிக்கிழமையாக இருந்தால் நல்லது, யாரும் வந்து புரட்டும்படி மேலே எங்காவது வையுங்கள். சீட்டு நிரப்பாமல் பார்ப்பவர்களையும் எண்ணுங்கள். வாசலில் ஒரு கொப்பியும் பேனாவும் போதும். வில்மரின் 1977ஆம் ஆண்டுப் புத்தகத்தின் புதிய பதிப்பை வாங்கி இரவல் அலுமாரியில் வையுங்கள். காசு ஒதுக்க முடியாது என்றால் என்னிடம் இருக்கும் 50 பென்ஸ் பிரதியைத் திருப்பித் தருகிறேன், 'நீக்கப்பட்டது' முத்திரைக்கு மேல் நீங்களே கோடு போட்டுக்கொள்ளலாம். இனி எதையாவது கழிக்க வேண்டும் என்றால், ஆறு வாரத்துக்கு முன் அறிவியுங்கள்.

அடுத்த குழுக் கூட்டத்தில் பொதுமக்களுக்கு ஒதுக்கும் மூன்று நிமிடத்தை எனக்குத் தாருங்கள். நான் வரும்போது 1971 ஜனவரி முதல் ஜூன் வரையான தொகுப்பை மேசையில் வைத்திருங்கள். ஈரமாக இருந்தாலும் பரவாயில்லை.

இப்படிக்கு,
முன்னாள் நூலக உதவியாளர் ஒருத்தி,
தென் லண்டன்